அந்த அரை பாயிண்ட்



போன வாரம் மெஸ்ஸில் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது கிளாஸ் நண்பன் ஒருத்தன் திடீரென்று கேட்டான். "டேய், நீ சின்ன வயசுல ஸ்டேட் லெவல் செஸ் ஆடுனியாமே? சொல்லவே இல்ல!" யாரோ எங்க ஊர்க்காரன் போட்டுக் கொடுத்திருக்கிறான். அப்புறம் வழக்கமான கேள்விகள். ஸ்டேட்டுக்கு எப்படிப் போவாங்க? யார் செலக்ட் பண்ணுவா? குகேஷ் கூட ஆடியிருக்கியா? (இல்லை சாமி, அவர் எங்கே, நான் எங்கே!)

அன்றைக்கு ஏதோ சொல்லி மழுப்பிவிட்டேன். சரி, இந்தப் போட்டிகள் எப்படித்தான் நடக்கின்றன என்று ஒரு கட்டுரையாவே எழுதிடலாம் என்று உட்கார்ந்தேன். எழுத ஆரம்பித்த பிறகுதான், ஒன்பது வருஷத்துக்கும் மேலாக யாரிடமும் சொல்லாத ஒரு விஷயத்தைச் சொல்லாமல் இதை முடிக்க முடியாது என்று புரிந்தது. அதனால் கட்டுரை கொஞ்சம் நீளம். பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் ஏணி.

நம் நாட்டில் சின்னப் பிள்ளைகளுக்கான செஸ் போட்டி ஒரு ஏணி மாதிரி. கீழ்ப்படி மாவட்டம். அதில் முதல் சில இடங்களுக்குள் வந்தால் மாநிலம். மாநிலத்தில் முதல் சில இடம் என்றால் தேசியம். அதிலும் மேலே வந்தால் ஆசியப் போட்டி, காமன்வெல்த், மேற்கு ஆசியா, கடைசியில் உலக இளையோர் போட்டி. ஒவ்வொரு படியிலும் எத்தனை பேரை மேலே அனுப்புவார்கள் என்பது அந்தப் போட்டியின் சுற்றறிக்கையில் இருக்கும். ஆண் பிள்ளைகளுக்கும் பெண் பிள்ளைகளுக்கும் தனித்தனிப் பட்டியல்.

வயதுப் பிரிவுகளைப் பார்த்தால் ஒரு வேடிக்கை தெரியும். இந்தியாவில் 7, 9, 11, 13, 15, 17 என்று ஒற்றைப்படை. உலகப் போட்டியில் 8, 10, 12, 14, 16, 18 என்று இரட்டைப்படை. ஏன் இப்படி? இந்த வருஷம் 13 வயதுக்குட்பட்டோர் பிரிவில் ஜெயிக்கிற பையன், அடுத்த வருஷம் உலகப் போட்டிக்குப் போகும்போது 14 வயதுக்குட்பட்டோர் பிரிவில் இருப்பான். ஒரு வயசு தள்ளி வைத்தே கணக்குப் போட்டிருக்கிறார்கள். இது புரியவே எனக்கு ரெண்டு வருஷம் ஆனது.

வயசுக்கு எல்லைக்கோடு ஜனவரி 1. அன்றோ அதற்குப் பிறகோ பிறந்திருந்தால் உள்ளே. முதல்நாள் டிசம்பர் 31 ராத்திரி பிறந்திருந்தால் வெளியே. அதனால் ஒரே பிரிவில் ஜனவரியில் பிறந்தவனும் டிசம்பரில் பிறந்தவனும் எதிரெதிரே உட்காருவார்கள். பெரியவர்களுக்குப் பதினொரு மாசம் ஒண்ணுமே இல்லை. ஏழு வயசுப் பிள்ளைக்கு அது பெரிய வித்தியாசம்.

ஏணியின் உச்சிக்கு நம்ம ஆட்கள் பலர் போயிருக்கிறார்கள். மயிலாடுதுறையில் பிறந்த ஆனந்த் 1987ல் உலக ஜூனியர் சாம்பியன், அடுத்த வருஷமே இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர். பிரக்ஞானந்தா 2013ல் 8 வயதுக்குட்பட்டோர் உலகப் பட்டம், 2015ல் 10 வயதுக்குட்பட்டோர் பட்டம். அவர் அக்கா வைஷாலி 2012லும் 2015லும் பெண்கள் பிரிவில் உலகப் பட்டம். குகேஷ் 2018ல் 12 வயதுக்குட்பட்டோர் உலக சாம்பியன், 2024 டிசம்பரில் சிங்கப்பூரில் டிங் லிரெனை ஜெயித்து நிஜ உலக சாம்பியன். இவர்கள் எல்லோரும் பிள்ளைகளாக ஏறியது இந்த வயதுப் பிரிவு ஏணியில்தான்.

ஏணிக்குப் பக்கத்தில் இன்னொரு படிக்கட்டும் உண்டு. அதற்குப் பெயர் 'டோனார் என்ட்ரி'. தேர்வாகாத பிள்ளையும் கூடுதல் கட்டணம் கட்டி மேல் போட்டியில் ஆடலாம். உலகப் போட்டியிலும் இதே கதைதான். நாட்டின் அதிகாரப்பூர்வ வீரருக்குத் தங்குமிடம், சாப்பாடு எல்லாம் போட்டி நடத்துபவர்கள் பொறுப்பு. கூடுதலாக வருகிறவர்கள் சொந்தச் செலவில் வரவேண்டும். இதைத் தப்பென்று சொல்ல மாட்டேன். அந்தப் பணத்தில்தான் பல போட்டிகள் நடக்கின்றன. ஆனால் காடாம்புலியூர் மாதிரி ஊரிலிருந்து வருகிற பையனுக்கு முதல் ஏணி மட்டும்தான். அந்த நாலு இடத்துக்குள் வந்தே ஆகவேண்டும்.

இப்போது 2016க்குப் போவோம். கொசுவத்தி சுத்துகிறேன், பார்த்துக்கொள்ளுங்கள்...

எங்க ஊர் பண்ருட்டிக்குத் தெற்கே, விக்கிரவாண்டியிலிருந்து தஞ்சாவூர் போகிற ரோட்டில் இருக்கிறது. சுற்றிலும் பலாவும் முந்திரியும். 2011 டிசம்பர் 30ந்தேதி வந்த தானே புயலில் எங்கள் பக்கத்து மரங்கள் முக்கால்வாசி வேரோடு சாய்ந்தன. எங்கள் கொல்லையில் மிச்சம் நின்றது மூணு பலா மரம். அப்பாவுக்கு முந்திரி கம்பெனியில் கூலி வேலை. செஸ் சொல்லிக்கொடுத்தது பள்ளிக்கூடத்து பி.டி. சார். கோச்சிங் என்றால் அவர் வைத்திருந்த ஒரே ஒரு கிழிந்த புத்தகம்தான்.

அந்த மே மாசம் கடலூரில் மாவட்டத் தேர்வுப் போட்டி, 13 வயதுக்குட்பட்டோர் பிரிவு. சனி, ஞாயிறு ரெண்டு நாள், ஆறு ரவுண்டு. முதல் நாலு பேர் மாநிலத்துக்கு. அப்பா ரெண்டு பலாப்பழத்தை விற்று என்ட்ரி ஃபீஸ் கட்டினார். பண்ருட்டி போய் பஸ் மாறினோம். நெல்லிக்குப்பத்தில் அத்தை வீடு. ராத்திரி அங்கே தங்கி, காலையில் கடலூர். ஒரு பள்ளிக்கூட ஹாலில் நீள டேபிள்கள், அறுபது பிள்ளைகள். வெளியே வேப்பமரத்தடியில் அறுபது அப்பா அம்மாக்கள். செஸ் போட்டியில் உள்ளே இருப்பவர்களைவிட வெளியே இருப்பவர்களுக்குத்தான் டென்ஷன் அதிகம் என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டேன்.

அறுபது பேருக்கு ஆறே ரவுண்டில் எப்படி முடிவு தெரியும் என்று கேட்கலாம். அதுதான் சுவிஸ் முறை. 1895ல் சுவிட்சர்லாந்தில், ஜூரிச் நகரத்துப் போட்டியில் முதலில் பயன்படுத்தியது. நாக்-அவுட் வைத்தால் முதல் ரவுண்டிலேயே பாதிப் பிள்ளைகள் மூட்டை கட்டவேண்டும். எல்லோரும் எல்லோருடனும் ஆடுவது என்றால் மாசக்கணக்கில் ஆகும். சுவிஸ் முறையில் யாரும் வெளியேற மாட்டார்கள். ஜெயித்தால் ஒரு பாயிண்ட், டிரா என்றால் அரை. ஒவ்வொரு ரவுண்டிலும் சம பாயிண்ட் வைத்திருப்பவர்களை மோதவிடுவார்கள். ஒரு தடவை ஆடியவருடன் மறுபடி ஆட வேண்டியதில்லை. வெள்ளை, கறுப்பு முடிந்தவரை மாறி மாறி வரும். ஜெயிக்க ஜெயிக்க எதிராளி பலமாகிக்கொண்டே போவான், தோற்கத் தோற்க லேசாகிக்கொண்டே போவான். கடைசியில் அவனவன் தன் தராதரத்தில் வந்து நிற்பான். அழகான ஏற்பாடு.

சிக்கல் என்னவென்றால், பலர் ஒரே பாயிண்டில் முடிப்பார்கள். அப்போது யார் மேலே? பல வழி உண்டு. அதில் ஒன்று 'புக்கோல்ஸ்'. நீங்கள் யார் யாருடன் ஆடினீர்களோ அவர்கள் எல்லோரும் கடைசியில் எடுத்த பாயிண்ட்களைக் கூட்டுவார்கள். கூட்டுத்தொகை அதிகம் என்றால் நீங்கள் பலமான ஆட்களுடன் ஆடியிருக்கிறீர்கள் என்று அர்த்தம். அதாவது உங்கள் ஆட்டம் முடிந்த பிறகும், உங்களிடம் தோற்றவன் பக்கத்து போர்டில் என்ன செய்கிறான் என்பதைப் பொறுத்து உங்கள் தலையெழுத்து மாறும். இந்த இடத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தேவைப்படும்.

முதல் ரவுண்ட் ஜெயித்தேன். ரெண்டாவதில் நெய்வேலிப் பையன் ஒருத்தன் இருபத்தைந்து மூவில் என்னை மடக்கிவிட்டான். மூணாவது ஜெயித்தேன். மூணுக்கு ரெண்டு. ஞாயிறு காலை நாலாவது ரவுண்ட்.

எதிரே உட்கார்ந்தவன் சிதம்பரம் பக்கத்துக் கிராமத்துப் பையன். என்னைவிடச் சின்னவன், ஒல்லி, நெற்றியில் பட்டையாக விபூதி. அவனும் ரெண்டு பாயிண்ட். கூட வந்திருந்தது அவன் தாத்தா. மஞ்சள் பையில் புளிசாதம் கட்டிக்கொண்டு ரெண்டு பேரும் விடியக்காலையில் பஸ் ஏறியிருக்கிறார்கள். ஆட்டத்துக்கு முன்னால் அவனே சொன்னான். "அண்ணா, உங்க கேமை நேத்து பாத்தேன், சூப்பர்ணா."

ஆட்டம் சமமாகத்தான் போனது. இருபதாவது மூவோ என்னவோ, என் குதிரையை நகர்த்தலாம் என்று கை நீட்டினேன். விரல் பட்டது. லேசாகத் தூக்கியும் விட்டேன். அப்போதுதான் பார்த்தேன். குறுக்கே அவன் மந்திரி. குதிரை நகர்ந்தால் பின்னால் என் யானை சும்மா போகும். கையை வெடுக்கென்று எடுத்துக்கொண்டேன். குதிரை அதே கட்டத்தில் நின்றது. அடுத்த நொடி ஓரத்துச் சிப்பாயைத் தள்ளி கிளாக்கை அமுக்கினேன்.

செஸ்ஸில் தொட்டால் ஆடணும். இது பால பாடம். காய் சரியாக நிற்கவில்லை என்றால் 'அட்ஜஸ்ட்' என்று முதலில் சொல்லிவிட்டுத்தான் தொடவேண்டும், அதுவும் தன் முறை வரும்போது. நான் அப்படிச் சொல்லவும் இல்லை.

பையன் என்னைப் பார்த்தான். "அண்ணா, குதிரையைத் தொட்டீங்கண்ணா."

"தொடல."

கிளாக்கை நிறுத்திவிட்டுக் கையைத் தூக்கினான். அதுதான் முறை. தன் காயைத் தொடுவதற்கு முன்னால் புகார் சொல்லிவிட வேண்டும். தொட்டுவிட்டால் புகார் உரிமை போய்விடும். அந்த விதி அவனுக்குச் சரியாகத் தெரிந்திருந்தது. ஆர்பிட்டர் சார் வந்தார். ரெண்டு பேரையும் கேட்டார். அவன் தொட்டதாகச் சொன்னான். நான் இல்லை என்றேன். பக்கத்து போர்டுக்காரர்களைக் கேட்டார். அவனவன் தன் ஆட்டத்தில் மூழ்கியிருந்தான், யாரும் பார்க்கவில்லை. என்னிடம் குனிந்து மறுபடி கேட்டார். "தம்பி, நல்லா யோசிச்சுச் சொல்லு. தொட்டியா?"

"இல்ல சார்."

குரல் நடுங்கவில்லை. அதுதான் இன்றைக்கும் எனக்கு ஆச்சரியம்.

"யாரும் பாக்கல. ஆட்டத்தைத் தொடருங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். அவர் மேல் தப்பே இல்லை. சாட்சி இல்லாமல் அவர் வேறு என்ன செய்ய முடியும்? அந்தப் பையன் அழவில்லை. ஆனால் அதற்கப்புறம் அவன் போர்டைப் பார்த்து ஆடவில்லை, என்னைப் பார்த்து ஆடினான். பத்துப் பதினைந்து மூவில் ஒரு சிப்பாயை விட்டான், அப்புறம் ஒரு மந்திரி. தோற்றான். கை கொடுத்தான். ஸ்கோர் ஷீட்டில் கையெழுத்துப் போட்டான். வெளியே அவன் தாத்தா சொன்னது என் காதில் விழுந்தது. "விடுறா கண்ணு. அடுத்த கேமைப் பாரு."

அவன் தாத்தா சொன்னபடியே செய்தான். அஞ்சாவதும் ஜெயித்தான், ஆறாவதும் ஜெயித்தான். மொத்தம் நாலு பாயிண்ட். நான் அஞ்சாவதை டிரா செய்து, ஆறாவதை ஜெயித்து நாலரை.

சாயங்காலம் பட்டியல் ஒட்டினார்கள். ஐந்தரை எடுத்தவன் ஒருத்தன், ஐந்து எடுத்தவர்கள் ரெண்டு பேர். நாலாவது இடத்துக்கு நாலரையில் நானும் விருத்தாசலத்துப் பையன் ஒருத்தனும். புக்கோல்ஸ் பார்த்தார்கள். அவனுக்கு 22. எனக்கு இருபத்திரண்டரை. அரை பாயிண்ட் வித்தியாசத்தில் நான் ஸ்டேட் பிளேயர்!

அப்பா என்னைத் தூக்கிவிட்டார். பன்னிரண்டு வயசுப் பையனை, அத்தனை பேர் முன்னால். பஸ்ஸில் வரும்போது, ஸ்கோர் ஷீட்டின் பின்பக்கத்தில் சும்மா அந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்தேன். என் ஆறு எதிராளிகளின் பாயிண்ட்: இரண்டரை, ஐந்தரை, மூணு, நாலு, நாலு, மூன்றரை. கூட்டினால் இருபத்திரண்டரை. அந்த முதல் நாலு, சிதம்பரத்துப் பையனுடையது. அவன் கடைசி ரவுண்டில் தோற்றிருந்தால் என் கூட்டுத்தொகை இருபத்தொன்றரை. நான் ஐந்தாமிடம்.

அதாவது, நான் ஏமாற்றிய பையன், மனசைத் தேற்றிக்கொண்டு நேர்மையாக உட்கார்ந்து கடைசி ஆட்டத்தை ஜெயித்தானே, அந்த வெற்றிதான் என்னை மாநிலத்துக்கு அனுப்பியது. குதிரையைத் தொட்டேன் என்று ஒத்துக்கொண்டு அந்த ஆட்டத்தைத் தோற்றிருந்தால்? எனக்கு மூன்றரை ஆகியிருக்கலாம், அவனுக்கு ஐந்து. மேலே போயிருக்க வேண்டியவன் அவன். (எதிராளிகள் மாறியிருப்பார்கள், கணக்கு அப்படியே வந்திருக்காது என்று எனக்குத் தெரியும். அந்தச் சமாதானத்தை நிறைய தடவை சொல்லிப் பார்த்துவிட்டேன். வேலைக்கு ஆகவில்லை.)

ஊரில் மாமா ஃபிளெக்ஸ் வைத்துவிட்டார். பஸ் ஸ்டாப்புக்கு எதிரே, என் போட்டோ, பக்கத்தில் ஒரு பெரிய குதிரை. ஆமாம், குதிரையேதான். செஸ் என்றால் டிசைன் போடுகிறவர்கள் குதிரைப் படம்தான் போடுவார்கள். அவர்களுக்கு என்ன தெரியும்? மழையில் கிழிகிற வரைக்கும் தினமும் அதைத் தாண்டித்தான் ஸ்கூலுக்குப் போனேன்.

மாநிலப் போட்டியில் ஒன்பது ரவுண்டில் இரண்டரை பாயிண்ட். சென்னைப் பிள்ளைகள் முதல் பத்து மூவை யோசிக்காமலே வைத்தார்கள். நான் ஒவ்வொன்றுக்கும் தலையைச் சொறிந்துகொண்டிருந்தேன். அதே 2016ல்தான் பிரக்ஞானந்தா பத்து வயசில் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆனார். எங்கள் ஏணியின் மேல்படி எவ்வளவு உயரத்தில் இருக்கிறது என்று அப்போதுதான் உறைத்தது. திரும்பி வந்த பிறகு நான் போட்டிக்கே போகவில்லை. படிப்பு, செலவு என்று வீட்டில் காரணம் சொன்னேன். அப்பா நம்பினார்.

2022ல் மாமல்லபுரத்தில் செஸ் ஒலிம்பியாட் நடந்தபோது தமிழ்நாடே செஸ் பைத்தியமாகி இருந்தது ஞாபகம் இருக்கும். வேட்டி கட்டிய 'தம்பி' குதிரை, சதுரங்கக் கட்டம் அடித்த நேப்பியர் பாலம் என்று ஒரே அமர்க்களம். நீடாமங்கலம் பக்கத்தில் பூவனூர் கோயிலில் சிவபெருமானே அரசகுமாரியுடன் சதுரங்கம் ஆடிய கதையை டீக்கடையில்கூடப் பேசினார்கள். அந்த நேரம் ஊரில் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்க 'நம்ம ஸ்டேட் பிளேயர்' என்று என்னைக் கூப்பிட்டார்கள். மறுக்க முடியவில்லை. முதல் நாள் பாடம், தொட்டால் ஆடணும். சொல்லி முடிக்கும்போது முன்வரிசையில் ஒரு பொண்ணு எழுந்து கேட்டது.

"யாரும் பாக்கலைன்னா என்னண்ணா பண்ணணும்?"

ஆர்பிட்டர் வருவார், ரெண்டு பேரையும் விசாரிப்பார், சாட்சி இல்லையென்றால் ஆட்டம் தொடரும் என்று நடைமுறையைச் சொன்னேன். அந்தப் பொண்ணு விடவில்லை. "அது இல்லண்ணா. தொட்டவங்க என்ன பண்ணணும்?"

"ஆடணும்" என்றேன். ஒரே வார்த்தை. தொண்டையில் சிக்கிக்கொண்டு வந்தது.

அன்று ராத்திரி செஸ் ரிசல்ட்ஸ் தளத்தில் பழைய போட்டிகளைத் தேடினேன். 'விவரங்களைக் காட்டு' என்ற பொத்தானை அமுக்கினால் பழைய பட்டியல் அப்படியே வந்து நிற்கிறது. நாலாவது இடம், என் பெயர். அதற்குக் கொஞ்சம் கீழே அவன் பெயர். அந்தப் பெயரை எடுத்து அப்புறம் நடந்த போட்டிகளில் தேடிப் பார்த்தேன். 13க்குள், 15க்குள், 17க்குள் என்று எல்லாப் பிரிவிலும். ஒரு பட்டியலிலும் இல்லை. அவன் நிறுத்தியதற்கு ஆயிரம் காரணம் இருக்கலாம். தாத்தாவுக்கு உடம்பு முடியாமல் போயிருக்கலாம், காசு இல்லாமல் இருந்திருக்கலாம், கிரிக்கெட் பிடித்திருக்கலாம். நான்தான் காரணம் என்று நினைப்பதுகூட ஒரு வகையில் கர்வம்தான். ஆனால் அவன் கடைசியாக ஆடிய போட்டி அதுதான் என்றால், அதில் அவன் கற்றுக்கொண்டு போனது என்ன?

சுவிஸ் முறை, புக்கோல்ஸ், ஜனவரி 1 என்று எல்லாவற்றுக்கும் விதி போட்டுவிட்டார்கள். அறுபது பிள்ளைகளுக்கு ஒன்றோ ரெண்டோ ஆர்பிட்டர். மீதி எல்லாம் அந்தப் பிள்ளைகளின் வாய்ச்சொல்லை நம்பித்தான் நடக்கிறது. பெரும்பாலும் ஒழுங்காகவும் நடக்கிறது. நான் ஆர்பிட்டர்களுக்கு உதவியாக ரிசல்ட் சீட்டு பொறுக்கிய போட்டிகளில், தானே "சார், நான் தொட்டுட்டேன்" என்று சொல்லி ராணியை இழந்த பிள்ளைகளைப் பார்த்திருக்கிறேன். அவர்களைப் பற்றி எந்தப் பட்டியலிலும் வராது. புக்கோல்ஸிலும் ஏறாது.

அந்த ஸ்கோர் ஷீட் இன்னும் என்னிடம் இருக்கிறது. முன்பக்கம் ரெண்டு கையெழுத்து, பின்பக்கம் பென்சில் கணக்கு. மெஸ்ஸில் கேட்ட நண்பனுக்குப் பதில்: ஆமாம்டா, ஸ்டேட் ஆடினேன். எப்படிப் போனேன் என்பது இதுதான்.

சிதம்பரத்துத் தம்பி, எங்கேயாவது இருந்து நீ இதைப் படிக்க நேர்ந்தால்: நீ சரியாகத்தான் பார்த்தாய். தொட்டேன். குதிரையைத்தான்.

பி.கு: முதல் தடவை பிள்ளையை மாவட்டப் போட்டிக்கு அழைத்துப் போகிறவர்களுக்கு: பிறப்புச் சான்றிதழ் ஒரிஜினலும் நகலும் கையில் இருக்கட்டும். பேனா ரெண்டு, தண்ணீர் பாட்டில் ஒன்று. செல்போனை உள்ளே கொண்டு போகவே விடாதீர்கள், மணி அடித்தால் ஆட்டமே போய்விடும். திரும்பி வரும்போது ஜெயிச்சியா தோத்தியா என்று கேட்பதற்கு முன்னால் சாப்பிட்டியா என்று கேளுங்கள். அந்தத் தாத்தா அப்படித்தான் கேட்டார்.